மூன்று முறை வழியனுப்பப்பட்ட சிரிப்பு நடிகர்: தொத்தோ பற்றி ஒரு நிகழ்வு ஆய்வு

1967 மே 22ஆம் தேதி நேப்பிள்ஸ் நகரத்தின் சானித்தா பேட்டையில் ஒரு சவ ஊர்வலம் நடந்தது. பெட்டி இருந்தது, பாதிரியார் இருந்தார், தெரு கொள்ளாத கூட்டம் இருந்தது. பெட்டிக்குள் ஆள்தான் இல்லை. இறந்தவரை அடக்கம் செய்து ஒரு மாதத்துக்கு மேல் ஆகியிருந்தது. ஏப்ரல் 17 அன்று ரோமில் ஒரு சடங்கு, அன்றே நேப்பிள்ஸின் கார்மினே தேவாலயத்தில் இன்னொன்று என்று இரண்டு முடிந்தும் சானித்தா ஜனங்களுக்கு மனசு ஆறவில்லை. எங்கள் தெருவில் பிறந்தவருக்கு எங்கள் தெருவிலேயே ஒன்று நடக்க வேண்டும் என்று அந்தப் பேட்டையின் தாதா ஒருவர் முன்னின்று நடத்திய மூன்றாவது சடங்கு அது.

இறந்தவரை இத்தாலி முழுக்க தொத்தோ என்றுதான் அறிந்திருந்தது. 1937இல் முதல் படம், 1967இல் மரணம். இடைப்பட்ட முப்பது வருடத்தில் 97 படங்கள். படம் வந்தால் கொட்டகை நிரம்பும். ஆனால் அதே முப்பது வருடமும் பத்திரிகை விமர்சகர்களில் பெரும்பாலோர் அவர் படங்களைக் கழுவி ஊற்றினார்கள். அவசரத்தில் எடுத்தது, கதையே இல்லை, கோமாளித்தனம், அதே சேட்டை மறுபடி மறுபடி. அவர் இறந்து பத்து வருடத்துக்குள் நிலைமை தலைகீழானது. தடிமனான புத்தகங்கள் வந்தன, திரைப்படக் கழகங்கள் அவர் படங்களைத் தேடித் தேடிப் போட்டன. அதே ஆள், அதே படங்கள்.

இது எப்படி நடந்தது? என் கணிப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். விமர்சகர்கள் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள், ஜனங்கள் ஆளைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். தொத்தோ கடைசிவரை மேடைக்காரர். சினிமாவை அவர் கேமரா வைத்த மேடையாகத்தான் நடத்தினார். அந்த மேடையும் பறிபோன பிறகுதான் சினிமா அவரைச் சரியாகப் பயன்படுத்தத் தொடங்கியது.

தகப்பன் பெயர் இல்லாத பிள்ளை

1898 பிப்ரவரி 15 அன்று சானித்தாவில் பிறந்தார். அம்மா அன்னா க்ளெமென்த்தே. அப்பா ஜுசெப்பே தெ கூர்த்திஸ் ஒரு மார்க்கீஸ், அதாவது பட்டம் பெற்ற பிரபு, வீட்டுப் பிள்ளை. கல்யாணம் ஆகவில்லை, குழந்தையைத் தன் பிள்ளை என்று ஒப்புக்கொள்ளவும் இல்லை. பதிவேட்டில் அந்தோனியோ க்ளெமென்த்தே என்று அம்மாவின் பெயர்தான் ஏறியது. 1921இல்தான் இருவரும் முறைப்படி மணம் செய்துகொண்டார்கள். அப்போது பையனுக்கு 23 வயது.

அம்மாவுக்கு அவரைப் பாதிரியாராக்க ஆசை. பையனுக்குப் படிப்பில் நாட்டம் இல்லை. தெருவில் போகும் விசித்திரமான ஆட்கள் பின்னாலேயே நடந்து, அவர்கள் கை வீசுவதை, நொண்டுவதை, கழுத்தைத் திருப்புவதை உன்னிப்பாகப் பார்ப்பதுதான் வேலை. பேட்டையில் அவருக்கு உளவாளி என்று பட்டப்பெயரே விழுந்தது. பள்ளிக்கூடத்தில் ஒரு ஆசிரியர் விளையாட்டாகக் குத்துச்சண்டை போடப் போய், ஒரு குத்து மூக்கில் இறங்கி, மூக்குத்தண்டு வளைந்துபோனது. முகம் ஒரு பக்கம் சாய்ந்ததுபோல் ஆனதும், தாடை தனியாக ஒரு திசையில் போவதும் அதிலிருந்து வந்தவை. வேறு யாராக இருந்தாலும் காலமெல்லாம் நொந்துகொண்டிருப்பார்கள். இவர் அந்தத் தாடையை வைத்தே பிழைத்தார்.

முதல் உலகப்போரில் தானாகப் போய் ராணுவத்தில் சேர்ந்தார். பிரான்ஸ் போர்முனைக்குப் போகும் ரயிலில் ஏற்றப்பட்டபோது, வழியில் அலெஸ்ஸாந்திரியா ஸ்டேஷனில் கீழே விழுந்து வலிப்பு வந்ததுபோல் துடித்து, மருத்துவமனையில் படுத்துத் தப்பித்தார் என்பார்கள். அவர் நடித்ததிலேயே பார்வையாளர்களை முழுசாக நம்பவைத்த காட்சி இதுவாகத்தான் இருக்கும். பட்டாளத்தில் ஒரு கார்ப்பரல் அவரைப் படாத பாடு படுத்தியிருக்கிறான். அதிகாரத்தில் துளி கிடைத்தாலும் அடுத்தவனை மிதிப்பவர்களை அவர் அதன்பின் கார்ப்பரல்கள் என்ற ஒரே பெயரில் அடக்கிவிட்டார். நாம் மனிதர்களா கார்ப்பரல்களா என்ற கேள்வி அவர் வாயில் தேய்ந்த வசனமாகி, 1955இல் ஒரு படத்தின் தலைப்பாகவும் ஆனது.

ட்ராம் காசு கேட்டதால் போன வேலை

அந்தக் காலத்து நேப்பிள்ஸ் வெரைட்டி மேடையில் குஸ்தாவோ தெ மார்க்கோ என்றொருவர் பிரபலம். கயிற்றில் ஆடும் பொம்மைபோல் உடம்பை மூட்டு மூட்டாகக் கழற்றி ஆடுவது அவர் வித்தை. இளம் தொத்தோ அதை அப்படியே பிடித்துக்கொண்டார். ஒளிவுமறைவே இல்லாத நகல்.

1922 வாக்கில் குடும்பம் ரோமுக்குக் குடிபெயர்ந்தது. உம்பெர்த்தோ கபேச்சே என்பவரின் நாடகக் குழுவில் சம்பளம் இல்லாத எடுபிடி நடிகராகச் சேர்ந்தார். தினமும் ஊரின் ஒரு கோடியிலிருந்து மறுகோடிக்கு நடை. ஒரு நாள் ட்ராமுக்கு மட்டும் காசு கொடுங்கள் என்று கேட்டார். இந்தக் கேள்விக்காகவே வெளியே அனுப்பப்பட்டார். அப்புறம் ஜொவினெல்லி அரங்கில் வாய்ப்புக் கேட்டுப்போய், தெ மார்க்கோவின் உருப்படிகளையே ஆடிக் காட்டி இடம் பிடித்தார். அடுத்து, ஒரு முடிதிருத்துபவரின் சிபாரிசில் சாலா உம்பெர்த்தோ என்ற கௌரவமான அரங்கு கிடைத்தது. மேடையில் சிபாரிசு அத்தனை தூரம்தான் செல்லும், மீதியை உடம்புதான் செய்ய வேண்டும். செய்தது.

இந்த வருடங்களில்தான் அவருடைய வேஷம் உருவானது. தேய்ந்துபோன வட்டத் தொப்பி. அளவுக்கு மீறிய பெரிய வால்கோட்டு. கழுத்தில் டைக்குப் பதில் ஒரு ஷூ லேஸ். கணுக்காலுக்கு மேலேயே நின்றுவிடும் தொளதொள கால்சட்டை, கீழே கலர் காலுறை. ஏழ்மையை மறைக்கப் பார்த்து மறைக்க முடியாமல் நிற்கும் ஒரு கனவான். தகப்பன் பெயருக்காகக் காத்திருந்த ஒரு பிள்ளை இந்த வேஷத்தைத் தேர்ந்தெடுத்ததில் எனக்கு ஆச்சரியம் இல்லை.

1930களில் இத்தாலியச் சினிமாக் கொட்டகைகளில் படத்துக்கு முன்னால் ஒரு சிறு மேடை நிகழ்ச்சி போடுவார்கள். பாட்டு, நடனக்காரிகள், ஒரு கோமாளி. கூட்டம் வந்திருப்பது படம் பார்க்க, மேடையைப் பார்க்க அல்ல. பிடிக்கவில்லையென்றால் கூச்சல், விசில், கையில் இருப்பதெல்லாம் பறந்து வரும். தொத்தோ தனிக் குழுவே வைத்துக்கொண்டு ஊர் ஊராக இதைச் செய்தார். காத்திருக்க மனமில்லாத ஆட்களை அரை நிமிடத்தில் மடக்கும் கலை அவருக்குக் கைவந்தது இங்கேதான். பிற்காலத்தில் அவர் படங்களில் கதை தொடங்குவதற்கு முன்பே, அவர் கதவைத் திறந்து உள்ளே வரும்போதே சிரிப்பு வருகிறதென்றால், அது இந்தக் கொட்டகைகளில் கிடைத்த பயிற்சி.

சொந்த வாழ்க்கையில் இந்தக் காலம் கசப்பானது. லில்லியானா கஸ்தன்யோலா என்ற புகழ்பெற்ற மேடைப் பாடகி அவரைக் காதலித்தார். உறவு முறியும் கட்டத்தில், 1930இல், தூக்க மாத்திரை சாப்பிட்டு இறந்துபோனார். தொத்தோ அவரைத் தன் குடும்பக் கல்லறையிலேயே அடக்கம் செய்தார். 1933இல் பிறந்த மகளுக்கு லில்லியானா என்றே பெயர் வைத்தார். இதைப் பற்றி இத்தாலியர்கள் எழுதித் தள்ளியிருக்கிறார்கள். நான் இதோடு விடுகிறேன்.

ரயில்பெட்டிக் காட்சி

போர்க்காலத்தில் தொத்தோ, பாட்டும் ஆட்டமும் கிண்டலும் கலந்த ரெவ்யூ என்ற பெரிய மேடைக்கு ஏறினார். மிகேலே கல்தியேரி எழுதுவார், அன்னா மன்யானி உடன் நடிப்பார். ஃபாசிச அரசையும் ஜெர்மானியரையும் ஜாடையாகக் குத்தும் வசனங்களுக்கு அரங்கம் அதிரும். 1944 தொடக்கத்தில், ரோம் ஜெர்மானியர் பிடியில் இருந்தபோது, அவர்கள் நடித்த வாலே அரங்கின் வாசலில் குண்டு வெடித்தது. கைது செய்ய வருகிறார்கள் என்று துப்பு கிடைத்ததும் தலைமறைவானார். ஜூனில் ரோம் விடுபட்டதும் வெளியே வந்து ஹிட்லரையும் முசோலினியையும் மேடையில் உரித்தெடுத்தார்.

இந்த ஆய்வுக்கு முக்கியமான சான்று 1947இல் வந்த ஒரு ரெவ்யூவின் நடுவே இருக்கிறது. படுக்கை வசதியுள்ள ஒரு ரயில்பெட்டி. நாடாளுமன்ற உறுப்பினர் ஒருவர், பெயர் த்ரொம்பெத்தா, களைத்துப்போய்த் தூங்கலாம் என்று உள்ளே வருகிறார். அதே பெட்டியில் தொத்தோ. அவ்வளவுதான் கதை.

அந்த எம்.பி.யாக நடித்தவர் மாரியோ கஸ்தெல்லானி. நகைச்சுவை மேடையில் எதிரே நின்று, சிரிக்காமல், அடி வாங்கிக்கொண்டு, அடுத்த பந்தைப் போட்டுத் தரும் ஆளுக்கு இத்தாலியில் தோள் என்று பெயர். கஸ்தெல்லானி பல வருடங்களுக்கு தொத்தோவின் தோள். ரயில்பெட்டியில் அவர் எவ்வளவு மரியாதையாக நடந்துகொள்கிறாரோ அவ்வளவு தூரம் தொத்தோ நெருங்கி வருவார். பெயரைக் கேட்பார். பெயரைக் கிண்டலடிப்பார். அப்பாவைக் கிண்டலடிப்பார், குடும்பத்தையே இழுப்பார். பெட்டிகளை எடுத்து வைக்க உதவுகிறேன் என்று அவை ஜன்னல் வழியாக வெளியே போகும். மேல் படுக்கைக்கு ஏறுகிறேன் என்று எம்.பி.யின் மேலேயே ஏறி மிதிப்பார். ஒவ்வொரு முறையும் மன்னிப்புக் கேட்பார். அந்த மன்னிப்புதான் அடுத்த தொல்லையின் தொடக்கம்.

எழுதி வைத்தபோது இது சில நிமிடக் காட்சி. மேடையில் ஒவ்வொரு இரவும் வளர்ந்து, கடைசியில் முக்கால் மணி நேரத்தை எட்டியது என்கிறார்கள். ஒரு தும்மலுக்குச் சிரிப்பு வந்தால் நாளைக்கு இரண்டு தும்மல். மௌனத்துக்குச் சிரிப்பு வந்தால் மௌனம் நீளும். காட்சியை எழுதியது பேனா பிடித்தவர் மட்டுமல்ல, தினமும் டிக்கெட் வாங்கி உட்கார்ந்த கூட்டமும்தான். இந்த வேலைமுறை புரியாமல் தொத்தோவின் சினிமாவைப் புரிந்துகொள்ள முடியாது.

1952இல் ஸ்தேனோ இயக்கத்தில், இத்தாலியின் முதல் வண்ணப்படங்களில் ஒன்றாக வந்த படத்தில், இந்தக் காட்சி அப்படியே சேர்க்கப்பட்டது. அந்தப் படத்துக்குக் கதை என்று பெரிதாக ஒன்றும் கிடையாது. மேடை உருப்படிகளைக் கோத்த சரம்தான். பழைய பொம்மை ஆட்டமும் அதில் இருக்கிறது. கயிறு அறுந்த பொம்மை சரியும்போது முதலில் கை, பிறகு இடுப்பு, பிறகு கழுத்து என்று ஒவ்வொன்றாக உயிர் போகிறது. அன்றைய வண்ணச் சுருளுக்கு வெளிச்சம் ஏராளமாக வேண்டும். அந்த விளக்குச் சூட்டில் அவர் கண்கள் மிகவும் சிரமப்பட்டன. அவருடைய இடது கண் 1938லேயே விழித்திரை கழன்று பார்வை இழந்திருந்தது. வெளியே சொல்லாமல் வைத்திருந்தார்.

மதியத்துக்கு மேல் மட்டும்

போருக்குப் பிறகு அவர் படங்கள் தொழிற்சாலை வேகத்தில் வந்தன. தலைப்பிலேயே அவர் பெயர் இருக்கும்: தொத்தோ வீடு தேடுகிறார், தொத்தோ பெண் தேடுகிறார், ஷேக் தொத்தோ. 1950இல் மட்டும் ஆறேழு படங்கள். சில வாரங்களில் படப்பிடிப்பு முடிந்துவிடும். காலையில் யாரையும் சிரிக்கவைக்க முடியாது என்பது அவர் கொள்கை. மதியத்துக்கு மேல்தான் செட்டுக்கு வருவார். ஒத்திகை பிடிக்காது. முதல் டேக்தான் நல்ல டேக் என்று இயக்குநர்கள் கற்றுக்கொண்டார்கள். கேமராவை அவர் நகரும் இடத்துக்குத் தோதாக வைத்துவிட்டு ஒதுங்கிக்கொள்வதே புத்திசாலித்தனம்.

விமர்சகர்களுக்கு எரிச்சல் வந்ததில் நியாயம் இல்லை என்று சொல்லமாட்டேன். பல படங்கள் நிஜமாகவே சுமார். இரண்டு நல்ல காட்சிகளுக்கு நடுவே இருபது நிமிடம் பொறுமையைச் சோதிக்கும். அது போக, போருக்குப் பிந்தைய இத்தாலியில் விமர்சனத்தின் அளவுகோல் நியோரியலிசம். தெருவும் வறுமையும் நிஜமாகத் திரையில் தெரிய வேண்டும் என்ற காலத்தில், வால்கோட்டு போட்டுக் கழுத்தைக் கழற்றி ஆடும் ஒருவர் அவர்களுக்குப் பழைய உலகத்து எச்சமாகத் தெரிந்தார். அவர் ஆடியதெல்லாம் பசியைப் பற்றித்தான் என்பது கண்ணில் படவில்லை. 1954இல் வந்த ஒரு படத்தில், பல நாள் பட்டினி கிடந்த குடும்பத்துக்கு முன்னால் திடீரென்று ஸ்பாகெத்தி வந்து இறங்கும். முதலில் மரியாதையாக நாற்காலியை இழுத்துப் போடுவார்கள். அப்புறம் கை உள்ளே போகும். அப்புறம் தொத்தோ மேஜை மேலேயே ஏறி, ஸ்பாகெத்தியை அள்ளிக் கோட்டுப் பைக்குள் திணித்துக்கொண்டே ஆடுவார். நாளைக்கும் வேண்டுமே! வறுமையை இதைவிட நேராக எப்படிக் காட்டுவது?

1951இல் ஸ்தேனோவும் மோனிச்செல்லியும் சேர்ந்து இயக்கிய 'காவலரும் திருடரும்' விமர்சகர்களும் ஒப்புக்கொண்ட படம். அமெரிக்கச் சுற்றுலாப்பயணிக்குப் போலிப் பழங்காசை விற்ற ஏழைத் திருடன் தொத்தோ. துரத்தும் குண்டுப் போலீஸ்காரர் ஆல்தோ ஃபாப்ரீத்ஸி. ஓட்டம் நீண்டுகொண்டே போய், இருவருக்கும் மூச்சு வாங்கி, சில அடி இடைவெளியில் உட்கார்ந்து பேச்சுவார்த்தை நடத்துகிறார்கள். ஓட முடியாத திருடன், பிடிக்க முடியாத போலீஸ். பிறகு திருடன் தப்பிவிட, அவனைப் பிடிக்காவிட்டால் போலீஸ்காரரின் வேலை போய்விடும் என்றாகிறது. அதற்குள் இரண்டு குடும்பங்களும் சிநேகமாகிவிடுகின்றன. கடைசியில் சிறைக்குக் கூட்டிப்போக மனசில்லாமல் நிற்பவர் போலீஸ்காரர். அவரை இழுத்துக்கொண்டு போவது திருடன். இந்தப் படத்துக்காக தொத்தோவுக்கு இத்தாலியப் பத்திரிகையாளர்கள் தரும் வெள்ளி நாடா விருது கிடைத்தது. கான் விழாவில் திரைக்கதைக்கும் பரிசு. தணிக்கைக்காரர்கள் சும்மா இருக்கவில்லை. அடுத்து தொத்தோ போலீஸ்காரராக நடித்த இன்னொரு மோனிச்செல்லி படத்தை வெட்டிக் குதறித்தான் 1955இல் வெளியே விட்டார்கள்.

மோனிச்செல்லியே பிற்காலத்தில் ஒரு வருத்தத்தைச் சொன்னார். தொத்தோவைச் சாதாரண மனிதனாக்கப் பார்த்ததில், அவரிடம் இருந்த பொம்மையை, அந்த விசித்திரப் பிறவியை, நாங்கள் கட்டிப்போட்டுவிட்டோம் என்பது அதன் சாரம். எனக்கு இதில் பாதிதான் உடன்பாடு. அந்தத் திருடன் சாதாரண மனிதன்தான், ஆனால் ஓடும் கால்கள் பொம்மையுடையவை.

பெப்பீனோ தெ ஃபிலிப்போ என்ற நகைச்சுவை நடிகரோடு சேர்ந்த படங்கள் தனிக் கணக்கு. 1956இல் வந்த ஒன்று அந்த சீசனின் வசூலில் முதலிடம். கிராமத்து அண்ணன் தம்பி இருவர், நடனக்காரி ஒருத்தியிடமிருந்து தங்கள் சகோதரி மகனை மீட்க மிலான் போகிறார்கள். வடக்கே குளிரும் என்று யாரோ சொன்னதால் ரோமத் தொப்பியும் கனத்த கோட்டுமாக நகரத்தின் பெரிய தேவாலயத்துக்கு முன்னால் வந்து நின்று, போக்குவரத்துப் போலீஸ்காரரை ஏதோ அந்நிய நாட்டு ராணுவ அதிகாரி என்று நினைத்துக்கொண்டு பேசுகிறார்கள்.

அதே படத்தில் அந்தப் பெண்ணுக்குக் கடிதம் எழுதும் காட்சியை இத்தாலியில் பள்ளிப் பிள்ளைகள்கூட ஒப்பிப்பார்கள். பெப்பீனோ மேஜையில் குனிந்து, நெற்றி வியர்வையைக் கைக்குட்டையால் ஒற்றி ஒற்றி எழுதுகிறார். தொத்தோ நின்றுகொண்டு, பெரிய வக்கீல் தோரணையில் சொல்லச் சொல்ல, ஒவ்வொரு வாக்கியமும் முட்டுச்சந்தில் போய் முடிகிறது. 7 லட்சம் லீரா தருகிறோம் என்பதைச் சொல்ல வந்தவர்கள் மாடுகள் செத்துப்போன கதைக்குப் போய்விடுகிறார்கள். ஓர் இடத்தில் முற்றுப்புள்ளி, அரைப்புள்ளி, முக்காற்புள்ளி எல்லாவற்றையும் வரிசையாகப் போடச் சொல்கிறார். நம்மைப் பட்டிக்காட்டான், கஞ்சன் என்று நினைத்துவிடக்கூடாதாம். நிறுத்தற்குறியிலும் தாராளம். அந்தக் காட்சியில் பெரும்பகுதி அங்கேயே, கேமரா ஓடும்போதே முளைத்தது என்பது பரவலாகச் சொல்லப்படுவது. பார்த்தால் நம்பத் தோன்றுகிறது. பெப்பீனோ அடுத்து என்ன வரும் என்று தெரியாமல் விழிக்கும் விழிப்பு அப்படி.

இளவரசரும் நாய்களும்

இதற்கு நடுவே அவர் இளவரசராகவும் ஆனார். 1933இல் ஒரு வயதான மார்க்கீஸ், ஆயுள் உதவித்தொகைக்குப் பதிலாக அவரைச் சுவீகாரம் எடுத்துக்கொண்டார். பிறகு தொத்தோ தானே வம்சாவளிகளைத் துழாவி வழக்குப் போட்டார். 1940களின் நடுவில் நேப்பிள்ஸ் நீதிமன்றம் அவர் பட்டங்களை அங்கீகரித்தது. அந்தோனியோ கிரிஃபோ ஃபோக்காஸ் ஃப்ளாவியோ துக்காஸ் கொம்னேனோ போர்ஃபிரொஜெனித்தோ கல்யார்தி தெ கூர்த்திஸ் தி பிசான்ஸியோ. பைசாந்தியப் பேரரசர்களின் வாரிசாம். செட்டில் பிரின்ஸ் என்று கூப்பிட்டால்தான் பிடிக்கும். வீட்டில் அவர் கலகலப்பான ஆள் இல்லை. தொத்தோவை மூன்றாவது மனிதர்போல, தன்னிடம் வேலை பார்க்கும் ஆள்போலப் பேசுவார்.

ஆனால் இதே மனிதர் எழுதி 1964இல் புத்தகமாக வந்த நேப்பிள்ஸ் மொழிக் கவிதை இந்தப் பட்டங்களையெல்லாம் தூக்கி எறிகிறது. கல்லறைத் திருநாளில் மயானத்தில் மாட்டிக்கொண்ட ஒருவர், அடுத்தடுத்துப் புதைக்கப்பட்ட ஒரு மார்க்கீஸும் தெருக் கூட்டுபவரும் சண்டை போடுவதைக் கேட்கிறார். உன் நாற்றம் என் பக்கத்திலா என்கிறார் மார்க்கீஸ். செத்தபிறகு எல்லாம் ஒரே மட்டம்தான், இந்தக் கூத்தெல்லாம் உயிரோடு இருப்பவர்களுக்கு என்கிறார் தெருக் கூட்டுபவர். இரண்டு ஆளும் ஒருவருக்குள்ளேயே இருந்தார்கள்.

தெருநாய்களுக்காகச் சொந்தக் காசில் ஒரு காப்பகம் கட்டி, 200க்கு மேற்பட்ட நாய்களை வைத்துப் பராமரித்ததும் இவர்தான். 1958இல் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் நேப்பிள்ஸின் முடியாட்சிக் கட்சித் தலைவர் லௌரோ வாழ்க என்று கத்தியதால், அரசுத் தொலைக்காட்சி 1965 வரை அவரைக் கூப்பிடவே இல்லை.

பலெர்மோ, 1957

1956 கடைசியில், ஆறேழு வருட இடைவெளிக்குப் பிறகு, மேடைக்குத் திரும்பினார். புது ரெவ்யூவோடு ஊர் ஊராகப் பயணம். நடுவில் கடுமையான சளிக்காய்ச்சல் பிடித்தது. மருத்துவர்கள் ஓய்வெடுக்கச் சொன்னார்கள். முழுசாகக் குணமாகாமலே மேடை ஏறினார். மே மாதத் தொடக்கத்தில் பலெர்மோவின் பொலித்தேயாமா அரங்கில், காட்சி நடந்துகொண்டிருக்கும்போது, கண் இருண்டது. கூட நடித்த ஃபிராங்கா ஃபால்தினியிடம், அவர் 1952 முதல் தொத்தோவின் துணைவி, பார்வை போய்விட்டது என்று கிசுகிசுத்தார். நிகழ்ச்சியை நிறுத்தவில்லை. மனப்பாடமான மேடை, மனப்பாடமான அடிகள். கூட்டம் சிரித்துக்கொண்டிருந்தது.

விழித்திரையில் ரத்தக்கசிவு. கொஞ்ச காலம் முழு இருட்டு. பிறகு வலது கண்ணின் ஓரத்தில் மட்டும் மங்கலாகக் கொஞ்சம் பார்வை திரும்பியது. ரெவ்யூ மேடை அத்தோடு முடிந்தது. சினிமா தொடர்ந்தது, வீட்டுக்கும் நாய்களுக்கும் வருமானம் வேண்டுமே. கருப்புக் கண்ணாடியோடு கைப்பிடித்துச் செட்டுக்கு அழைத்து வருவார்கள். கேமரா ஓடத் தொடங்கியதும் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, நாற்காலியைச் சுற்றி ஓடுவார், குதிப்பார், கதவில் மோதாமல் வெளியேறுவார். டேக் முடிந்ததும் மறுபடி கைப்பிடிக்க ஆள் வேண்டும். உடன் வேலை செய்த பலரும் இதைச் சொல்லியிருக்கிறார்கள். திரையில் தன் உதட்டசைவைப் பார்த்து டப்பிங் பேச முடியாததால், பல இடங்களில் கார்லோ க்ரொக்கொலோ என்ற நடிகர் அவர் குரலில் பேசினார்.

இதை அற்புதம் என்று சொல்லிக் கடந்துபோக எனக்கு விருப்பமில்லை. நாற்பது வருடம் மேடைப் பலகையில் நடந்தவருக்கு இடத்தின் கணக்கு காலில் இருக்கும். ரோமின் மொட்டைமாடியில், காயும் துணிகளுக்கு நடுவே, கத்துக்குட்டித் திருடர்களுக்கு இரும்புப்பெட்டி உடைக்கப் பாடம் நடத்தும் ஓய்வுபெற்ற நிபுணராக, 1958இல் மோனிச்செல்லியின் புகழ்பெற்ற கொள்ளைப் படத்தில் அவர் வருகிறார். சின்ன வேடம். பார்வை போய் ஒரு வருடம் ஆன மனிதர் அவர் என்று சொன்னால்தான் தெரியும்.

பசோலினி கூப்பிட்டபோது

1960களின் நடுவில் மார்க்சியக் கவிஞரும் இயக்குநருமான பியர் பாவ்லோ பசோலினி அவரைத் தேடி வந்தார். முடியாட்சி விசுவாசியான இளவரசருக்குத் திரைக்கதை சரியாகப் பிடிபடவில்லை. ஆனாலும் ஒப்புக்கொண்டார். 1966இல் வந்த அந்தப் படத்தில் தொத்தோவும், இளைஞன் நினெத்தோ தாவோலியும் அப்பா மகனாக ஊர் ஊராக நடக்கிறார்கள். பேசும் காக்கை ஒன்று கூடவே வந்து சித்தாந்தம் பேசுகிறது. நடுவே ஒரு கிளைக்கதையில் தொத்தோ பிரான்சிஸ்கன் துறவி. பருந்துகளுக்கும் சிட்டுக்குருவிகளுக்கும் நற்செய்தி சொல்ல அவற்றின் மொழி தெரிய வேண்டுமே என்று ஒரு வருடம் முழங்காலில் நின்று தவம் கிடக்கிறார். கடைசியில் குருவிகள் பேசுவது குரலால் அல்ல, தத்தித் தத்திக் குதிப்பதால் என்று கண்டுபிடிக்கிறார். உடனே 68 வயதுத் துறவி இடிபாடுகளுக்கு நடுவே இரண்டு கால்களையும் சேர்த்துவைத்துத் தத்துகிறார். ஜொவினெல்லி அரங்கில் வாய்ப்புக் கேட்டு ஆடிக்காட்டிய அதே உடம்பு. இந்த முறை சிரிப்போடு வேறொன்றும் வருகிறது.

காக்கையை இருவரும் சேர்ந்து சாப்பிட்டுவிடுவதோடு படம் முடிகிறது. வசூல் மோசம். கான் விழாவில் தொத்தோவின் நடிப்புக்குச் சிறப்புப் பாராட்டு, அடுத்த வருடம் இரண்டாவது வெள்ளி நாடா. பசோலினியோடு இன்னும் இரண்டு குறும்படங்கள் செய்தார். இரண்டாவதில், ஒத்தெல்லோ கதையை ஆடும் கயிற்றுப் பொம்மைகளில் பச்சை முகத்தோடு வில்லன் இயாகோவாக வருகிறார். 1968இல் அது வெளியானபோது அவர் இல்லை. நான்னி லோய் இயக்கிய ஒரு படத்தில் நடிக்கத் தொடங்கியிருந்த நிலையில், 1967 ஏப்ரல் 15 அதிகாலை, அடுத்தடுத்து வந்த மாரடைப்பில் ரோமில் இறந்துபோனார். அந்த வேடத்தை உகோ தொன்யாத்ஸி செய்தார்.

அளவுகோல் மாறியபோது

1970களில் இளம் பார்வையாளர்கள் அவர் படங்களைத் தொலைக்காட்சியிலும் பழைய கொட்டகைகளிலும் மறுபடி கண்டெடுத்தார்கள். நியோரியலிசம் அதற்குள் பாடப்புத்தகத்துக்குப் போயிருந்தது. கதை ஒழுங்காக இருக்கிறதா என்று யாரும் கணக்குப் பார்க்கவில்லை. கொஃப்ரேதோ ஃபோஃபி என்ற விமர்சகரும் ஃபிராங்கா ஃபால்தினியும் சேர்ந்து 1977இல் எழுதிய புத்தகம் அவரை நாட்டுப்புற நாடக மரபின் கடைசிப் பெரிய முகமூடியாக நிறுத்தியது. நாடகக்காரர் தாரியோ ஃபோவும் அவர் உடல்மொழியைப் பற்றி எழுதினார். தொத்தோவின் சுமாரான படங்களுக்கும் இதனால் ஒரு மதிப்பு வந்தது. இயக்குநர்கள் மெனக்கெடாமல் கேமராவை ஓடவிட்ட அதே காரணத்தால், வேறெங்கும் பதிவாகாத ஒரு மேடை மரபு, உருப்படி உருப்படியாக, அந்தச் சுருள்களில் மாட்டிக்கொண்டிருக்கிறது. பெரிய இயக்குநர் யாராவது அக்கறையோடு வெட்டித் தைத்திருந்தால் பாதி காணாமல் போயிருக்கும்.

ஒன்றை மறுக்க முடியாது. அந்த 97 படங்களில் நான் மறுபடி பார்க்கத் தயாராக இருப்பவை பதினைந்தைத் தாண்டாது. புதிதாகத் தொடங்குபவர்கள் 'காவலரும் திருடரும்' படத்தில் தொடங்கலாம், அதற்குக் கதையும் உண்டு. அடுத்து கடிதக் காட்சி. பசோலினி படத்தைக் கொஞ்சம் பழகியபிறகு வைத்துக்கொள்ளுங்கள். குருவிபோல் தத்துவது அந்தப் பழைய கோமாளி என்று தெரிந்து பார்த்தால்தான் அது வேலை செய்யும். ரயில்பெட்டிக் காட்சிக்குக் கீழே ஓடும் வசன வரிகள் அதிகம் உதவாது, பாதி நேப்பிள்ஸ் உச்சரிப்பிலேயே கரைந்துவிடுகிறது. அந்தக் காட்சியை முதலில் ஒலியை அணைத்துவிட்டுப் பார்க்கலாம். அப்போது தொத்தோவைவிடக் கஸ்தெல்லானியைக் கவனியுங்கள், அந்த மனிதர் எப்படிச் சிரிக்காமல் நின்றார் என்பது எனக்கு இன்னும் விளங்கவில்லை.